நாதியம்மாவிடம் சொல்ல வேண்டியது

ஜன்னல் பக்கம் நீங்களே உக்காருங்கம்மா. எனக்கு வேணாம். ஜன்னல் பக்கம் உக்காந்தா ஊர் ஒவ்வொண்ணா பின்னாடி போறது தெரியும். இன்னைக்கு அது எனக்குத் தெரியவேண்டாம்.

பாண்டிச்சேரிதானே? நானும் அங்கதான். டிக்கெட் அங்க வரைக்கும் எடுத்திருக்கேன். ஆனா திண்டிவனத்துல இறங்கி, எதிர்ப்பக்கம் போய் நின்னு மெட்ராஸ் பஸ்ஸைப் பிடிச்சுடலாமான்னு தாம்பரத்துலேர்ந்து யோசிச்சுக்கிட்டிருக்கேன். இல்லல்ல, உடம்புக்கு ஒண்ணும் இல்ல. ஒருத்தங்களைப் பாக்கப் போறேன். எண்பத்தேழு வயசு அவங்களுக்கு. நாப்பது வருஷத்துக்கு முன்னாடி ஒரே ஒரு தடவை, ரெண்டு மணி நேரம், அவங்க வீட்டுல உக்காந்து சாப்பிட்டிருக்கேன். போன வாரம் அவங்க பொண்ணு போன் பண்ணி, "அம்மா உங்களைப் பாக்கணும்னு சொல்றாங்க, ஒண்ணு கேக்கணுமாம்"னுச்சு. என்ன கேப்பாங்கன்னு எனக்குத் தெரியும். பதில் தயாரா வெச்சிருக்கேன். யார்கிட்டயாவது ஒரு தடவை சொல்லிப் பாத்துட்டா வாய்க்குப் பழகிடும். கேக்கறீங்களா? தூக்கம் வந்தா தூங்குங்க, நான் தப்பா நெனைக்கமாட்டேன்.

என் பேரு மங்கையர்க்கரசி. சொந்த ஊர் கடலூர். முப்பது வருஷம் மெட்ராஸ்ல ரஷ்ய மொழி சொல்லிக்கொடுத்து ரிடையர் ஆனேன். ஏன் ரஷ்யன்? எல்லாரும் கேப்பாங்க. எல்லாம் ஒரு நடிகையால. ரிம்மான்னு பேரு, ரிம்மா பாவ்லவ்னா. உங்களுக்குத் தெரிஞ்சிருக்க நியாயமில்ல. அந்த நாட்டுல ஒரு காலத்துல அவங்க போட்டோ இல்லாத பட்டாளத்துப் பெட்டி கிடையாது.

எனக்குப் பதினாலு வயசு அப்ப. அப்பா பள்ளிக்கூட வாத்தியார், கம்யூனிஸ்ட் அனுதாபி. டவுன் ஹால்ல ரஷ்யப் படம் போடறாங்கன்னு கூட்டிட்டுப் போனார். அதுல ரிம்மா ஒரு சின்ன ஸ்டேஷன்ல கொடி காட்டற பொண்ணு. சண்டைக்குப் போற ரயிலுக்கெல்லாம் பச்சைக் கொடி காட்டுவா. சண்டை முடிஞ்சு, எல்லாரும் திரும்பி வர்ற ரயில் ஒண்ணு அந்த ஸ்டேஷன்ல நிக்காமலே போயிடும். அவ கொடியைச் சுருட்டி கக்கத்துல வெச்சுக்கிட்டு, வாளியை எடுத்துக்கிட்டுத் தண்ணிக்குப் போவா. அவ்வளவுதான் படம். அவ அழமாட்டா. நான் அழுதேன். அந்தப் பொண்ணு பேசற பாஷை எனக்கு வேணும்னு அப்பாகிட்ட அடம் பிடிச்சேன்.

பத்து வருஷம் கழிச்சு, எழுபத்திரண்டு பிப்ரவரில, அதே ரிம்மா நெய்வேலிக்கு வந்தாங்க. மொழிபெயர்ப்பாளர் நான். நம்புவீங்களா?

இந்தியாவுக்கு வேலைக்கு வந்த ஒரு எஞ்சினீயரைப் பத்தின படம். அதுல எஞ்சினீயர் பொண்டாட்டி வேஷம் ரிம்மாவுக்கு. மொத்தம் எட்டு வரி வசனம். எட்டே வரி! அவ்வளவு பெரிய நடிகை எதுக்கு இதுக்கு ஒத்துக்கிட்டாங்கன்னு அவங்க குழுவுக்கே புரியல. டைரக்டர் எங்கிட்டயே கேட்டார். இந்தியா மேல ஆசையா இருக்கும்னு நான் பெருமையாச் சொன்னேன்.

நாப்பத்தொரு வயசு அவங்களுக்கு. முன்பல் ரெண்டுக்கும் நடுவுல சின்னதா ஒரு இடைவெளி. கை மட்டும் நடிகை கை மாதிரி இருக்காது, முறம் மாதிரி அகலமா இருக்கும். நகத்தைக் கடிச்சுக் கடிச்சு விரல் நுனியெல்லாம் சிவந்திருக்கும். என் பேரு அவங்க வாயில நுழையல. மங்கை, மங்கான்னு ரெண்டு நாள் முயற்சி பண்ணிட்டு, மூணாம் நாள் "மன்யா"ன்னு கூப்பிட ஆரம்பிச்சாங்க. ஒரு நாளைக்கு அம்பது தடவை மன்யா. மன்யா, தண்ணி. மன்யா, இந்தப் பூ பேரென்ன. மன்யா, இங்க வா. இதை ஞாபகம் வெச்சுக்கோங்க, அம்பது தடவை.

கெஸ்ட் அவுஸ்ல எங்க ரெண்டு பேருக்கும் ஒரே ரூம். மத்தியான நேரம் ஷூட்டிங் இல்லன்னா நான் அவங்க தலைக்குச் சீயக்கா தேச்சு விடுவேன். கண்ணை மூடிக்கிட்டு முக்காலில உக்காந்து கதை சொல்லுவாங்க. ஆத்தோரம் ஒரு சின்ன ஊரு. அப்பா சண்டைக்குப் போய் ஒரே மாசத்துல போயிட்டார். ஜெர்மன்காரன் ஊரைப் பிடிச்சான். அம்மா கிழங்குத் தோலை அவிச்சுக் கொடுத்தாங்க. சண்டை முடிஞ்சு, பதினெட்டு வயசுல மரப்பெட்டி ஒண்ணைத் தூக்கிக்கிட்டு மாஸ்கோவுக்கு நடிப்புப் பரீட்சைக்குப் போனாங்களாம். அங்க உக்காந்திருந்தவர், "எங்க, அழுது காட்டு"ன்னாராம். "எனக்குச் சொன்னவுடனே அழ வராது, எங்கம்மா எப்படி அழாம இருந்தாங்கன்னு வேணா செஞ்சு காட்டறேன்"னு சொல்லிட்டு, வெறும் மேஜையில கிழங்கு நறுக்கிக் காட்டினாங்களாம். சேத்துக்கிட்டாங்க. இருபது வயசுல முதல் படம். இருபத்திரண்டுல டைரக்டர் ஒருத்தரோட கல்யாணம். முப்பத்தஞ்சு வரைக்கும் வருஷத்துக்கு ரெண்டு படம். அப்புறம் புருஷனுக்குப் புதுசா ஒரு சின்னப் பொண்ணு கிடைச்சா, படமும் குறைஞ்சு போச்சு.

இதெல்லாம் சொல்லுவாங்க. ஆனா ஒரு நாள், சோப்பு நுரை மாதிரி சீயக்கா தலை பூரா இருக்கு, சட்டுன்னு என் மணிக்கட்டைப் பிடிச்சாங்க.

"மன்யா, இங்கேர்ந்து பாண்டிச்சேரி எவ்வளவு தூரம்?"

"கடலூர் போய் பஸ் மாறினா மூணு மணி நேரம். எதுக்கு?"

"அங்க எங்க அக்கா இருக்கா."

நான் சிரிச்சுட்டேன். அவங்க சிரிக்கல.

அக்கா பேரு நாத்யா. ஆறு வயசு மூத்தவ. நாப்பத்திரண்டுல ஜெர்மன்காரன் அவளை லாரில ஏத்திக்கிட்டுப் போயிட்டான், ஃபாக்டரி வேலைக்கு. அவளுக்குப் பதினேழு, இவங்களுக்குப் பதினொண்ணு. சண்டை முடிஞ்சும் திரும்பி வரல. அம்மா சொன்னாங்களாம், "இனிமே எந்தக் காகிதத்துல கேட்டாலும் அக்கா செத்துட்டான்னு எழுது. வெளிநாட்டுல இருக்கான்னு எழுதினா ஏன் திரும்பி வரலன்னு கேப்பான். அப்புறம் உன்னை எங்கயும் சேத்துக்கமாட்டான்." ரிம்மா ஒவ்வொரு படிவத்துலயும், ஒவ்வொரு படத்துக்கு முன்னாடியும், இருபத்தஞ்சு வருஷமா அக்காவைத் தன் கையால சாகடிச்சிருக்காங்க. பிரான்ஸ்ல ஒரு படவிழாவுக்குப் போனப்ப முன்பின் தெரியாத ஒரு பொம்பளை கைகுலுக்கற மாதிரி உள்ளங்கையில ஒரு சீட்டைத் திணிச்சிட்டுப் போனாளாம். ரஷ்ய எழுத்து. "உன்னைப் படத்துல பாத்தேன். நான் நாத்யா. இந்தியாவுல பாண்டிச்சேரில இருக்கேன்." கீழே விலாசம்.

அந்த எட்டு வரி வேஷம் எதுக்குன்னு அப்பத்தான் எனக்குப் புரிஞ்சுது.

அந்த ஞாயித்துக்கிழமை துணி எடுக்கப் போறேன்னு சொல்லிட்டு நான் பாண்டிச்சேரி போனேன். என்னைத்தான் அனுப்பினாங்க, வேற யாரை அனுப்புவாங்க? கோயில் பக்கத்துல ஒரு சந்து. சொல்தா சவரிராயன் வீடுன்னு கேட்டேன். பிரெஞ்சு பட்டாளத்துல இருந்தவங்களை அந்த ஊர்ல சொல்தான்னுதான் சொல்லுவாங்க. கதவு திறந்திருந்துச்சு. உள்ள பாத்தா பூப்போட்ட கவுனும் தலை நிறைய மல்லிப்பூவுமா ஒரு வெள்ளைக்காரம்மா, அரிவாமனையில உக்காந்து சங்கரா மீன் அரிஞ்சுக்கிட்டிருக்காங்க. ரிம்மாவோட அதே கை. நான் ரஷ்யன்ல வணக்கம் சொன்னேன். மீன் கையோட அப்படியே நிமிர்ந்து பாத்தாங்க. பதில் தமிழ்ல வந்துச்சு.

"யாரு பொண்ணு நீ? உள்ளார வா. வெயில்ல நிக்காத."

அக்கம்பக்கத்துல அவங்களுக்கு நாதியம்மான்னு பேரு. சண்டை முடிஞ்சு பிரெஞ்சுக்காரன் முகாம்ல இருந்தப்ப, அங்க பட்டாளத்துச் சமையல்காரரா இருந்தவர் சவரிராயன். தினம் ஒரு கரண்டி சூப் கூட ஊத்தினாராம். அவரைக் கட்டிக்கிட்டு கப்பலேறி வந்துட்டாங்க. பத்து வயசுல ஒரு பொண்ணு பக்கத்துல ஒட்டிக்கிட்டு நின்னுச்சு. வெரோனிக். இப்ப போன் பண்ணுச்சே, அதுதான்.

விஷயத்தைச் சொன்னதும் அந்தம்மா எழுந்திரிக்கவே இல்ல. அரிவாமனையிலேயே உக்காந்துக்கிட்டு கேட்டுக்கிட்டே இருந்தாங்க. "அவ இன்னும் நகம் கடிக்கறாளா? அம்மா எந்த வருஷம் செத்தாங்க? கஷ்டப்பட்டாங்களா? நான் செத்துட்டேன்னு நெனச்சாங்களா?" எனக்கு மீன் குழம்பு ஊத்திச் சோறு போட்டாங்க. அடுத்த ஞாயித்துக்கிழமை ரிம்மாவை நானே கூட்டிட்டு வர்றதுன்னு பேச்சு. காலைல பதினோரு மணிக்கு. "மீன் வேணாம், அவளுக்கு ஆகாதோ என்னவோ, கோழி செய்யறேன்"னாங்க. நான் தெருமுனை திரும்பற வரைக்கும் வாசல்லயே நின்னாங்க.

இது எந்த ஊரு? மேல்மருவத்தூர் போயிடுச்சா? சரி.

இப்ப நடந்ததை நடந்தபடி சொல்றேன். என் பக்கத்து நியாயத்தையும் கேளுங்க. அந்த வாரம் புதன்கிழமை டைரக்டர் என்னைக் கூப்பிட்டு, "நர்ஸா ஒரு சின்ன வேஷம் இருக்கு, ரெண்டு வரி, நீ நடிக்கறியா?"ன்னார். ரிம்மா நடிக்கற அதே படத்துல, அம்மா! டவுன் ஹால்ல அழுத பொண்ணு நான்! வெள்ளைப் புடவை கூடக் கொடுத்து அளவு பாத்தாச்சு. ரிம்மா வந்தாங்க. என்னை ஏற இறங்கப் பாத்தாங்க. டைரக்டர்கிட்ட, "இந்தப் பொண்ணு வேணாம், இவளுக்கு நடிக்க வராது, முகம் மரம் மாதிரி இருக்கு"ன்னாங்க. எல்லார் முன்னாடியும். எனக்கு ரஷ்யன் தெரியாதா? மொழிபெயர்க்கவே வேண்டியிருக்கல. புடவையை மடிச்சுக் கொடுத்துட்டு வந்துட்டேன். ரூமுக்கு வந்ததும் "மன்யா"ன்னு கூப்பிட்டாங்க. நான் திரும்பல.

மறுநாள் வியாழக்கிழமை. குழுவுக்குப் பொறுப்பாளர் ஒருத்தர் இருந்தார், அனதோலி செர்கேயவிச். நல்ல மனுஷன் மாதிரிதான் இருப்பார், குரலே உயராது. டீ கொடுத்து உக்கார வெச்சார். மேஜை மேல ஒரு படிவம். மாஸ்கோவுல அஞ்சு வருஷம் படிக்கறதுக்கு என் பேர் போட்டு, கையெழுத்து மட்டும் பாக்கி.

"தோழர் மங்கை, போன ஞாயித்துக்கிழமை துணி எடுக்கப் போனீங்களாமே. காமிங்களேன். என் மனைவிக்கும் ஒண்ணு வாங்கணும்."

என்கிட்ட ஏது துணி? அவர் மிரட்டல, ஒண்ணும் பண்ணல. டீயை ஊதி ஊதிக் குடிச்சுக்கிட்டு என்னையே பாத்துக்கிட்டிருந்தார். நான் சொல்லிட்டேன். அக்கா பேரு, சொல்தா பேரு, சந்து, ஞாயித்துக்கிழமை, பதினோரு மணி. கேட்டதையும் சொன்னேன், கேக்காததையும் சொன்னேன். பத்து நிமிஷம் ஆகியிருக்காது.

நீங்களே சொல்லுங்க, நான் என்ன தப்பு செஞ்சேன்? பாண்டிச்சேரில பிரெஞ்சுக்காரன் தூதரக ஆபீஸ் இருக்கு. அவங்க பாட்டுக்கு உள்ள போய் உக்காந்துக்கிட்டு, திரும்பிப் போகமாட்டேன்னு சொல்லிட்டா? பொறுப்பு யாரு? கூட்டிட்டுப் போன நான்தானே? எனக்கு இருபத்துநாலு வயசு. அப்பா பேரு கெட்டுடாதா? புதன்கிழமை கோபம் இல்ல அது. அதை இதோட முடிச்சுப் போடாதீங்க.

சரி, அந்தம்மாகிட்ட நான் சொல்லப்போற பதில் இதுதான், கேளுங்க: "அம்மா, அனதோலின்னு ஒருத்தர் தானாவே எப்படியோ கண்டுபிடிச்சுட்டார். எங்களால ஒண்ணும் பண்ண முடியல." நல்லா இருக்கில்ல? பொய்னு தெரியாதில்ல? இன்னும் கொஞ்சம் மெதுவாச் சொல்லணுமோ?

சனிக்கிழமை காலைல ரிம்மாவோட வேலை முடிஞ்சுதுன்னு சொல்லிட்டாங்க. எட்டு வரில அஞ்சுதான் எடுத்திருந்துது. கார் வந்து நின்னுச்சு. நேரா மெட்ராஸ், அங்கேர்ந்து விமானம். பெட்டியை நான்தான் தூக்கிட்டுப் போய் வெச்சேன். ஜன்னலை இறக்கினாங்க. முகத்துல ஒண்ணுமே இல்ல, அந்தப் படத்துல கொடியைச் சுருட்டினப்ப இருந்த மாதிரி. மெதுவாச் சொன்னாங்க.

"மன்யா, நாளைக்கு நீ மட்டும் போ. என்னை அனுப்பிட்டாங்கன்னு அவகிட்ட சொல்லு. நானா வராம இருந்துடலன்னு சொல்லு. அவ காத்துக்கிட்டிருப்பா."

தலையை ஆட்டினேன்.

போகல. எப்படிப் போவேன்? அனதோலி அங்கயேதான் இருந்தார். படிவத்துல இன்னும் கையெழுத்து ஆகல. அடுத்த வாரம் போகலாம்னு நெனச்சேன். அப்புறம் பாஸ்போர்ட், பெட்டி, ஊசி போட்டுக்கறது, வழியனுப்பு விழான்னு நாள் ஓடிப்போச்சு.

மாஸ்கோவுல ரெண்டாவது குளிர்காலம். எங்க ஹாஸ்டல் பக்கத்துத் தியேட்டர்ல இந்திப் படம். அங்க நம்ம படம்னா உயிரை விடுவாங்க, எல்லாத்தையும் ரஷ்யன்ல டப்பிங் பண்ணிப் போடுவாங்க. ஊர் ஞாபகத்துல போய் உக்காந்தேன். கதாநாயகி அழறா. புடவைத் தலைப்பை வாயில வெச்சுக்கிட்டு அழறா. குரல் ரிம்மாவோடது! மன்யா மன்யான்னு கேட்ட குரல் எனக்குத் தெரியாதா? விசாரிச்சேன். நெய்வேலிலேர்ந்து போனதுலேர்ந்து ஒரு படத்துலயும் முகம் காட்ட விடல. பழைய படத்தைப் போட்டாக்கூட டைட்டில்ல பேரை வெட்டிட்டுப் போட்டாங்க. புருஷன் சட்டப்படி எழுதி வாங்கிக்கிட்டுப் போயிட்டார். கடைசில குரல் மட்டும்தான் கொடுக்கலாம்னு விட்டாங்க. நம்ம ஊர் கதாநாயகிங்களுக்கு. பதினோரு வருஷம்.

டப்பிங் ஸ்டூடியோ வாசல்ல போய் நின்னேன். ஏன் போனேன்னு தெரியல. போகாம இருக்க முடியல. உருளைக்கிழங்குப் பையைத் தூக்கிக்கிட்டு வெளிய வந்தாங்க. என்னைப் பாத்து நின்னாங்க. நான் வாயைத் திறந்தேன், கையைக் காட்டி நிறுத்திட்டாங்க.

"நீ எதையும் விளக்கவேணாம் மன்யா. எனக்குத் தெரியும். அவ என்ன உடுத்தியிருந்தா, அதை மட்டும் சொல்லு."

பனி கொட்டுது. பார்க் பெஞ்சுல உக்காந்து ரெண்டு மணி நேரம் சொன்னேன். பூப்போட்ட கவுனு, மல்லிப்பூ, அரிவாமனை, சங்கரா மீன். "நாத்யா மீன் அரியறாளா? சின்ன வயசுல மீன் வாசனை வந்தாலே வீட்டைவிட்டு ஓடுவா!"ன்னு சிரிச்சாங்க. கண்ணுல தண்ணி வழியுது, சிரிக்கறாங்க. தமிழ்ல ரெண்டு வார்த்தை அவ பேசற மாதிரி பேசிக் காட்டுன்னாங்க. "உள்ளார வா, வெயில்ல நிக்காத"ன்னு பேசிக் காட்டினேன். அதையே திருப்பித் திருப்பிச் சொல்லிப் பாத்துக்கிட்டாங்க, வசனம் மனப்பாடம் பண்ற மாதிரி.

அப்புறம் கேட்டாங்க. "ஞாயித்துக்கிழமை போனியா? சொன்னியா?"

"போனேன்"னு சொன்னேன்.

"என்ன சொன்னா?"

"பரவாயில்ல, அவ நல்லா இருந்தா போதும்னாங்க."

ஆறுதலுக்குத்தாம்மா சொன்னேன். எவ்வளவு நிம்மதியா மூச்சு விட்டாங்க தெரியுமா? அந்தக் குளிர்ல அந்த மூச்சு புகை மாதிரி போனது இன்னும் என் கண்ணுக்குள்ள நிக்குது. அதைக் கெடுத்திருக்கணுமா?

ஆனா பாருங்க, நீ எப்படி இருக்கே, சாப்பாடு பிடிக்குதான்னு ஒரு வார்த்தை என்னைக் கேக்கல. எழுந்ததும், "போயிடு மன்யா. இனிமே இங்க வராத. என்னோட பாத்தா உன் படிப்பு போயிடும்"னாங்க. விரட்டி விட்டாங்க. அவ்வளவு பாசமா தேடிப் போனவளை.

பின்னாடி காலம் கொஞ்சம் மாறிச்சு. எண்பத்து மூணுல ஒரு இளம் டைரக்டர் ஒத்தைக் கால்ல நின்னு அவங்களை மறுபடி நடிக்க வெச்சார். கல்லறைத் தோட்டத்துல வேலை செய்யற ஒரு அம்மா வேஷம். விருதெல்லாம் கிடைச்சுது. பேப்பர்ல, இத்தனை நாள் இந்தம்மா எங்க இருந்தாங்கன்னு எழுதினாங்க. அடுத்து ஒரு படம். அப்புறம் பக்கவாதம். பேச்சு போயிடுச்சு. முகத்தைப் பறிச்சுட்டு குரலை விட்டுவெச்சாங்க. கடைசில குரலும் போச்சு. தொண்ணூத்தாறுல காலமானாங்க.

அவங்க வாழ்க்கையைப் பத்தி ஒரு புத்தகம், பேச்சு போறதுக்கு முன்னாடி சொல்லி எழுத வெச்சது, செத்தப்புறம் வந்துச்சு. நான் சொல்லி வெச்சு வரவழைச்சேன். முன்னூறு பக்கம். இந்தியா எங்கன்னு தேடறேன், தேடறேன். மூணு வரி! "ஒரு தடவை இந்தியாவுக்குப் போனேன். மொழிபெயர்க்க ஒரு சின்னப் பொண்ணு இருந்தா, நல்ல பொண்ணு, பேர் மறந்துபோச்சு. கடலைப் பாக்கல." பேர் மறந்துபோச்சாம்! நாளைக்கு அம்பது தடவை கூப்பிட்ட பேரு! எனக்கு எப்படி இருந்திருக்கும்? நடிக்க விடல, ஒரு வார்த்தை விசாரிக்கல, கடைசில பேரைக்கூட எழுதல. ஒரு மனுஷிக்கு இவ்வளவு கல் மனசா?

என்ன கேட்டீங்க? எந்த ஷாட்டு? ஓ, அந்த நர்ஸ் வேஷமா. அது என்னிக்கு எடுக்கறதா இருந்தாங்கன்னா? அந்த வாரக் கடைசிலதான். காலைல ஒம்பது மணிக்கு மேக்கப்புக்கு வந்துடுன்னார் டைரக்டர். சனிக்கிழமை கிடையாது, சனிக்கிழமை கன்வேயர் பெல்ட் சீன். ஞாயித்துக்...

ஞாயித்துக்கிழமை.

கொஞ்சம் தண்ணி இருக்காம்மா உங்ககிட்ட?

நாப்பது வருஷம். நாப்பது வருஷமா இதை எத்தனை பேர்கிட்டச் சொல்லியிருப்பேன்! முகம் மரம்னு சொன்னாங்க, மரம்னு சொன்னாங்கன்னு. எங்க தங்கச்சிகிட்ட, கிளாஸ்ல பசங்ககிட்ட, எல்லார்கிட்டயும். யாரும் கிழமையைக் கேட்டதில்ல. நான் போகலன்னா ரிம்மாவுக்கு வழி தெரியாது, பாஷை தெரியாது, வீடு தெரியாது. நான் ஷூட்டிங்ல மாட்டிக்கிட்டா அவங்களால அக்காவைப் பாக்க முடியாது. காரணத்தை அத்தனை பேர் முன்னாடி சொல்ல முடியுமா? ரூமுக்கு வந்ததும் என்னைக் கூப்பிட்டாங்களே. அதைச் சொல்லத்தானே கூப்பிட்டிருப்பாங்க. நான்தான் சுவத்தைப் பாத்துக்கிட்டுப் படுத்திருந்தேன்.

கோபம்தான். ஆமா. புதன்கிழமை கோபம்தான். டீயைக் கையில வாங்கினப்பவே சொல்லிடணும்னு இருந்துச்சு எனக்கு.

திண்டிவனமா இது? நின்னுட்டுதா? எத்தனை நிமிஷம் நிக்கும்? எதிர்ல அந்தப் பச்சை பஸ்ஸு மெட்ராஸ்தானே போகுது? இருங்க. இல்ல, என் பையை எடுக்காதீங்க. இருக்கட்டும். உக்காந்துக்கறேன்.

வெரோனிக் போன்ல என்ன சொல்லிச்சு தெரியுமா? அன்னைக்கு அவங்கம்மா சாயங்காலம் வரைக்கும் வாசல்ல நாற்காலி போட்டு உக்காந்திருந்தாங்களாம். கோழியை யாரையும் தொட விடலையாம். மறு ஞாயிறும் உக்காந்தாங்களாம். அப்புறம், "அவ பயந்துட்டா. அவளுக்கு என்னைவிட சினிமா பெரிசு"ன்னு சொன்னாங்களாம். அதுக்கப்புறம் ரிம்மா பேரே அந்த வீட்டுல எடுக்கக்கூடாதுன்னுட்டாங்களாம். தொண்ணூத்திரண்டுல, அந்த நாடு உடைஞ்சப்புறம், எப்படியோ நம்பர் தேடிப் பிடிச்சு ஒரே ஒரு தடவை போன்ல கூப்பிட்டிருக்காங்க. ரிம்மாவுக்குப் பேச்சு கிடையாது. பக்கத்து வீட்டுப் பொம்பளை ரிசீவரைக் காதுல பிடிச்சிருக்கா. நாதியம்மா கேட்டது ஒரே கேள்வி. "ஏன் நீ வரல? ஏன் ஒரு சொல் சொல்லி அனுப்பல?" அந்தப் பக்கம் மூச்சுதான் கேட்டுச்சாம். முதல்ல மெதுவா, அப்புறம் வேக வேகமா, எதையோ முட்டிக்கிட்டு வெளிய தள்ளற மாதிரி. அப்புறம் கட் ஆயிடுச்சு.

அப்ப ரிம்மாவுக்குத் தெரிஞ்சுபோச்சு. நான் போகவே இல்லன்னு அன்னைக்குத்தான் தெரிஞ்சிருக்கும். வாயைத் திறந்து சொல்லமுடியாத நேரத்துல.

அனதோலி தானாவே கண்டுபிடிச்சுட்டார்னு சொல்லலாம்னு இருந்தேன். உங்களுக்கும் அது நல்லாத்தான் பட்டுச்சு, இல்ல? தலையாட்டினீங்களே. இனிமே எனக்கு அது வாயில வராது. சொன்னது நான்தாம்மா, உங்க தங்கச்சி சொல்லச் சொல்லியும் வந்து சொல்லாதது நான்தாம்மா. இப்படி நேரா சொல்லலாமா? எண்பத்தேழு வயசு. தாங்குவாங்களா? இல்ல, நீங்க ஒண்ணும் சொல்லாதீங்க. தாங்குவாங்களான்னு நான் யோசிக்கறது அவங்களுக்காக இல்ல. நாப்பது வருஷமா நான் இப்படித்தான் அடுத்தவங்களுக்காக யோசிச்சுக்கிட்டிருக்கேன்.

வந்துட்டுதா? இதுதானா பஸ் ஸ்டாண்டு? எவ்வளவு சீக்கிரம் வந்துட்டான். நான் கேட்டுக்கிட்டது வெரோனிக் மட்டும் ஆட்டோ எடுத்துக்கிட்டு வந்தா போதும்னு. அதோ, அந்தத் தூண்கிட்ட ஒரு அம்மா கையசைக்குதே, அதுவாத்தான் இருக்கும். பக்கத்துல ஆட்டோவுக்குள்ள... ஐயோ, அவங்களே வந்திருக்காங்க. கவுனுதான். தலை மொத்தமும் பஞ்சா வெளுத்துப்போச்சு. கம்பியைப் பிடிச்சுக்கிட்டு ஒவ்வொரு பஸ்ஸா பாக்கறாங்க. இறங்கறவங்க முகத்தை ஒவ்வொண்ணா பாக்கறாங்க.

நான் நேரே போய்ச் சொல்லிடறேன். வீடு வரைக்கும் போகக்கூடாது. வீடு வரைக்கும் போனா சோறு போடுவாங்க. சாப்பிட்டுட்டேன்னா என்னால சொல்ல முடியாது.

கொஞ்சம் காலை நகத்துங்கம்மா. நான் இறங்கணும்.